சூடாக்கினால் சரியாகாது

வன்னிச் சமையலறைகளில் எவரும் கேள்வி கேட்காத விதி ஒன்று உண்டு. மத்தியானம் சமைத்தது மிஞ்சினால் அடுப்படியிலேயே மூடி வைக்கலாம். இரவுக்கு ஒருக்காக் கொதிக்க விட்டால் கிருமியெல்லாம் செத்துவிடும். வவுனியாவில் பஸ்ஸுக்கு நிற்பவர்களுக்குச் சோற்றுப் பார்சல் கட்டும் கடையும் இதை நம்புகிறது. முள்ளியவளையில் வயலுக்குச் சாப்பாடு கொடுத்தனுப்பும் வீடும் இதை நம்புகிறது. பள்ளிக்கூடத்தில் விஞ்ஞானம் படிப்பிக்கிறவரின் வீட்டிலும் பெரும்பாலும் இதே வழக்கம்தான். "பழுதாப் போகேல்ல, மணந்து பாத்தனான், இன்னொருக்காச் சூடாக்கினாச் சரி" என்ற பேச்சுக்கு மறுபேச்சுச் சொல்பவர் அங்கே வீண்பயம் பிடித்தவராகிவிடுகிறார்.

இந்த விதியில் பாதி உண்மை இருக்கிறது. அதனால்தான் அது இவ்வளவு காலம் நிலைத்திருக்கிறது. நன்றாகக் கொதிக்கும் கறியில் சல்மொனெல்லாவும் ஈ.கோலையும் உயிர் தப்புவதில்லை. நஞ்சுகளிலேயே கொடியதான பொட்டுலினம்கூடச் சில நிமிடக் கொதிப்பில் செயலிழந்துவிடும். இவ்வளவையும் ஒப்புக்கொள்ளலாம். பிழை அதற்கு அடுத்த படியில் வருகிறது. கிருமி செத்தால், அது உயிரோடிருந்த ஏழெட்டு மணித்தியாலத்தில் செய்துவைத்ததும் அதோடு போய்விடும் என்று நினைப்பதுதான் அந்தப் பிழை.

அந்த ஏழெட்டு மணித்தியாலத்தில் என்ன நடக்கிறது? சாதகமான சூழல் கிடைத்தால் ஈ.கோலை போன்ற பற்றீரியா 20 நிமிடத்துக்கு ஒருமுறை இரண்டாகப் பிரியும். ஒன்று, ஒரு மணித்தியாலத்தில் எட்டாகும். ஏழு மணித்தியாலத்தில் அதே ஒன்று 20 இலட்சத்து 97 ஆயிரத்து 152 ஆகும். புது இடத்துக்கு வந்த பற்றீரியா உடனே பெருகுவதில்லை என்பது உண்மை. பாடப்புத்தகம் தாமத அவத்தை என்று சொல்லும் ஒரு ஆயத்த நேரம் அதற்கு வேண்டும். அதற்கு இரண்டு மணித்தியாலம் கொடுத்தாலும், காலை 11 மணிக்கு இறக்கிய கறியை இரவு 8 மணிக்குச் சூடாக்கும் வீட்டில் மிச்சம் ஏழு மணித்தியாலம் இருக்கிறது. எல்லா இனமும் இவ்வளவு வேகமாகப் பெருகுவதில்லை. ஆனால் கணக்கின் போக்கு மாறாது: முதல் மூன்று மணித்தியாலம் ஒன்றுமே நடக்காததுபோல் இருக்கும், கடைசி மூன்று மணித்தியாலத்தில் எல்லாம் நடந்து முடிந்துவிடும். மாலை நாலு மணிக்கு மூடியைத் திறந்து மணந்து பார்த்தவர் ஏமாறுவது இதனால்தான்.

இனி வெப்பநிலை. "இந்த வெயிலுக்கு ஒரு கிருமியும் நிண்டு பிடிக்காது" என்பது வன்னியில் அடிக்கடி கேட்கும் இன்னொரு ஆறுதல். முற்றத்தில் காயும் மிளகாய்க்கு அது ஓரளவு பொருந்தும். அங்கே வேலை செய்வது வெயிலின் ஊதாக் கடந்த கதிரும், நீர் வற்றுவதும். அடுப்படி நிழலில் மூடி வைத்த சட்டிக்கு இந்த இரண்டும் இல்லை. வெப்பம் மட்டும்தான் உண்டு. உணவை நஞ்சாக்கும் பற்றீரியாக்களில் பெரும்பாலானவை 5 பாகை செல்சியசுக்கும் 60 பாகைக்கும் இடையில் வளர்பவை. மனித உடம்போடு பழகியவை 30க்கும் 40க்கும் இடையில் முழு வேகத்தில் வளர்பவை. கச்சான் காற்று அடிக்கும் மாதங்களில் வன்னி வீட்டுக்குள் இருக்கும் வெப்பம் அதேதான். அமெரிக்க விவசாயத் திணைக்களம் சமைத்த உணவை வெளியில் வைக்க இரண்டு மணித்தியாலம் அனுமதிக்கிறது. சுற்றுப்புறம் 32 பாகையைத் தாண்டினால் அதை ஒரு மணித்தியாலமாகக் குறைத்துவிடுகிறது. குளிர்நாட்டுக்காரர் எழுதியது நமக்கெதற்கு என்று கேட்கலாம். நமக்குத்தான் அது கூடுதலாகப் பொருந்தும். ஒரு மணித்தியாலக் கணக்கு அவர்களில் பலருக்குச் சில நாளுக்கு, வன்னிக்கு வருடத்தில் பாதிக்கு மேல்.

சோற்றையே எடுப்போம். நெல்வயல் மண்ணில் பசிலஸ் சீரியஸ் என்ற பற்றீரியா சாதாரணமாக இருக்கும். அது நெல்லோடு வீட்டுக்கு வந்து, அரிசியோடு பானைக்குள்ளும் போகும். சூழல் பாதகமானால் அது தடித்த உறைக்குள் அடங்கிய வித்தியாகிவிடும். சோறு வேகும் கொதிப்பு அந்த வித்தியைக் கொல்லப் போதாது. கொதிப்பில் மற்றக் கிருமிகள் அழிந்துபோக, சோறு ஆறத் தொடங்கும்போது போட்டியில்லாத இடத்தில் இது முளைக்கிறது. முளைத்துப் பெருகும்போது சில வகைகள் செரியுலைட் என்ற நஞ்சைச் சுரக்கின்றன. அந்த நஞ்சு 121 பாகையில் 90 நிமிடம் வைத்தும் அழிவதில்லை என்று ஆய்வுகூடங்கள் கண்டிருக்கின்றன. அமுக்கச் சமையற்பாத்திரமே தொடமுடியாத ஒன்றை, இரவு அடுப்பில் ஐந்து நிமிடம் பிரட்டும் தாச்சி என்ன செய்யும்?

இது வெறும் ஆய்வுகூடக் கதையல்ல. 1971 தொடக்கம் பிரித்தானியாவில் சீன உணவகங்களில் பொரித்த சோறு சாப்பிட்டவர்கள் ஒன்று முதல் ஆறு மணித்தியாலத்துக்குள் வாந்தியெடுத்த சம்பவங்கள் அடுத்தடுத்துப் பதிவாகின. காரணம் தேடிப் போனபோது கடைகளின் வழக்கம் தெரியவந்தது. பெரிய அளவில் சோற்றை அவித்து, குளிரில் வைத்தால் கட்டிப்படும் என்று இரவு முழுக்க வெளியில் வைத்து, கேட்கும்போது பெரு நெருப்பில் ஒரு பிரட்டுப் பிரட்டிக் கொடுத்திருக்கிறார்கள். நெருப்புக்குக் குறைவே இருக்கவில்லை. ஏ-9 வீதியோரம் மத்தியானச் சோற்றை இரவில் 'பிரைட் றைஸ்' ஆக்கும் கடைக்காரர் செய்வதும் இதையேதான். 2008இல் பிரசெல்ஸில் 20 வயது மாணவர் ஒருவர், ஐந்து நாள் அறை வெப்பத்தில் இருந்த ஸ்பகெட்டியைச் சூடாக்கிச் சாப்பிட்டு அடுத்த நாள் விடியுமுன் இறந்துபோனார். ஐந்து நாள் என்பது அளவுக்கு மீறியதுதான். சாவும் மிக அரிது. சூடாக்கியது அவரைக் காப்பாற்றவில்லை என்பதே இங்கு வேண்டிய சான்று.

இரண்டாவது ஆள் நமது கையிலும் மூக்கிலும் குடியிருக்கும் ஸ்ரபிலோகொக்கஸ் ஓரியஸ். ஏறத்தாழ மூன்றில் ஒருவரின் மூக்கில் அது இருக்கும். அவருக்கு எந்த வருத்தமும் இருக்காது. சமைத்து முடித்த பிறகு கை படும் உணவுகள்தான் அதற்கு வாய்ப்பு: பிசைந்த சம்பல், அடுக்கிய இடியப்பம், பார்சல் கட்டும்போது விரலால் ஒதுக்கிய சோறு. விரலில் ஆறாத வெட்டுக்காயம் இருந்தால் கேட்கவே வேண்டாம். அதன் நஞ்சு அரை மணித்தியாலக் கொதிப்பையும் தாங்கும். இதை முதலில் தன் உடம்பில் சோதித்தவர்களில் ஒருவர் பிலிப்பைன்ஸில் வேலை செய்த எம்.ஏ.பார்பர். ஒரு பண்ணைப் பாலைக் குடித்தவர்களுக்கு வந்த வயிற்றுக் குழப்பத்துக்குக் காரணம் பசுவின் மடியிலிருந்த ஸ்ரபிலோகொக்கசும், பால் வெளியில் கிடந்த நேரமும்தான் என்று அவர் 1914இல் எழுதினார். உடனே குடித்த பால் ஒன்றும் செய்யவில்லை. வெப்பத்தில் சில மணித்தியாலம் கிடந்த பால் படுக்கையில் போட்டது. கிருமி இரண்டிலும் ஒன்றே. கூடியது நேரம் மட்டுந்தான். நூறு வருடத்துக்கு மேலாகியும் இந்தச் சேதி நமது அடுப்படிக்கு வந்து சேரவில்லை.

சூடாக்கும் கட்சிக்கு ஒரு புள்ளியை நேர்மையாகக் கொடுக்க வேண்டிய இடமும் உண்டு. குளொஸ்ரிடியம் பேர்பிரிஞ்சென்ஸ் என்பது ஒட்சிசன் இல்லாத இடத்தை விரும்புவது. 43 முதல் 46 பாகையில் பத்து நிமிடத்துக்குள்ளேயே இரட்டிக்கக்கூடியது. கிடாரம் நிறைய இறைச்சிக் கறி சமைத்து, அதை அப்படியே ஆற விட்டால், நடுப்பகுதி மணித்தியாலக்கணக்கில் அந்தச் சூட்டிலேயே நிற்கும். கொதித்த கறியில் ஒட்சிசனும் குறைவு. இந்தப் பற்றீரியா நஞ்சை உணவில் அல்ல, சாப்பிட்டவரின் குடலில்தான் பெரும்பாலும் விடும். ஆகவே அடிமுதல் நுனிவரை கொதிக்கக் கொதிக்கச் சூடாக்கினால் இங்கே பலன் உண்டு. ஆனால் வீடுகளில் நடப்பது அதுவா? ஓரம் குமிழியிட்டதும் அடுப்பை நிறுத்திவிடுகிறோம். நடுப்பகுதி இளஞ்சூட்டில், கிருமிக்குப் பிடித்த அதே சூட்டில், இன்னொரு சுற்றுத் தொடங்குகிறது.

மீனில் கதை இன்னும் தெளிவு. சூரை, கும்பளா, சூடை போன்ற மீன்களின் தசையில் ஹிஸ்ரிடீன் என்ற அமினோ அமிலம் அதிகம். மீன் செத்தபின் ஐஸ் இல்லாமல் கிடந்தால் மோர்கனெல்லா போன்ற பற்றீரியாக்கள் அதை ஹிஸ்ரமீனாக மாற்றும். அந்த ஹிஸ்ரமீன் குழம்பில் கொதித்தாலும் எண்ணெயில் பொரிந்தாலும் ரின்னில் அடைபட்டாலும் அழியாது. சாப்பிட்டுச் சில நிமிடத்திலிருந்து ஒரு மணித்தியாலத்துக்குள் முகம் சிவக்கும், தலை இடிக்கும், உடம்பு கடிக்கும். "எனக்குச் சூரை ஒத்துக்கொள்ளாது" என்று வாழ்நாள் முழுக்க அந்த மீனை ஒதுக்கிவைத்தவர்களில் எத்தனை பேர் மீனுக்கு ஒவ்வாதவர்கள், எத்தனை பேர் ஐஸ் போடாத மீனுக்குப் பலியானவர்கள் என்பது கேட்க வேண்டிய கேள்வி. விடியற்காலை முல்லைத்தீவுக் கரையில் ஏலம் போன மீன், மோட்டார் சைக்கிளில் கட்டிய பெட்டியில் ஒட்டுசுட்டான், மாங்குளம் என்று உள்ளூருக்குப் போய்ச் சேர வெயில் ஏறிவிடும். பழைய றெஜிபோம் பெட்டியில் ஒரு கைபிடி ஐஸ் கரைந்த தண்ணீராகக் கிடந்தால் அது குளிரூட்டல் ஆகாது. வாங்கிய வீட்டுக்காரி புளியும் மிளகாயும் போட்டு எவ்வளவு நேரம் கொதிக்கவிட்டாலும், வழியில் உண்டானதை அவரால் எடுக்க முடியாது.

விஷயம் தெரிந்த ஒருவர் இங்கே ஜோன் டின்டலை இழுக்கக்கூடும். 1877இல் அந்த அயர்லாந்து அறிஞர், ஒரே கொதிப்புக்குச் சாகாத வித்திகளை விட்டுவிட்டுச் சூடாக்கிக் கொல்லலாம் என்று காட்டினார். முதல் சூட்டுக்குத் தப்பிய வித்தி ஆறிய இடைவேளையில் முளைக்கும். முளைத்தது அடுத்த சூட்டில் சாகும். காலையும் மாலையும் கறியைச் சூடாக்குவதும் அதுதானே என்று வாதாடலாம். ஆகாது. டின்டல் கிருமியில்லாத திரவத்தைத் தேடினாரே தவிர இரவுச் சாப்பாட்டைத் தேடவில்லை. இடைவேளையில் முளைத்தவை என்ன நஞ்சை விட்டுப்போயின என்பது அவருக்குப் பொருட்டில்லை. அவரது குடுவைகள் வெளிக்காற்றுக்கு அடைக்கப்பட்டிருந்தன. நமது சட்டிக்குள் அகப்பை போகிறது, பிள்ளை கை வைக்கிறது, பல்லி விழாமல் மூடி மட்டும் இருக்கிறது.

எல்லாவற்றிலும் வலுவான எதிர்வாதம் ஆச்சியின் பெயரால் வருவது. "எங்கட ஆச்சி பழஞ்சோறு திண்டுதான் தொண்ணூறு வயது இருந்தவ." இருந்திருப்பார். ஆனால் ஆச்சி செய்ததை அவரது பேரப்பிள்ளைகள் செய்வதில்லை. அவர் மிஞ்சிய சோற்றுக்குத் தண்ணீர் ஊற்றி வைத்தார். அந்தத் தண்ணீரில் இலக்ரிக்கமிலப் பற்றீரியாக்கள் பெருகிச் சோற்றைப் புளிக்க வைக்கின்றன. அமிலத்தன்மை ஏறி பிஎச் பெறுமானம் 4.5 அளவுக்கு இறங்கினால் பசிலஸ் சீரியஸ் வளரத் திணறும். முல்லைத்தீவு எருமைத் தயிரில் நடப்பதும் இதுவே. பாலைக் காய்ச்சி, இளஞ்சூட்டில் பழைய தயிரை உறையாக விடும்போது நல்ல பற்றீரியாவுக்கு முதல் இடம் கொடுத்துவிடுகிறோம். அது போடும் அமிலத்தில் மற்றவை ஒதுங்கிவிடுகின்றன. உறை விடாமல் அதே பாலை அதே இடத்தில் வைத்துப் பாருங்கள். பழஞ்சோறும் முழுப் பாதுகாப்பென்று சொல்ல முடியாது. புளிப்பு ஏறுமுன் உண்டான நஞ்சு புளித்தபின்னும் இருக்கும். ஆனாலும் அங்கே கிருமிக்கு எதிராக ஏதோ ஒன்று நடக்கிறது. றைஸ்குக்கரில் வெறுமனே மூடிவைத்த சோற்றில் ஒன்றும் நடப்பதில்லை.

இன்னொன்றும் உண்டு. தொண்ணூறுகளின் வன்னியில் மின்சாரமும் இல்லை, எரிபொருளுக்கும் தடை. மிச்சம் வைக்கும் அளவுக்குச் சமைத்த வீடுகள் எத்தனை? அந்தந்த வேளைக்கு அளந்து போட்டுச் சமைத்துத் தின்று முடித்த ஒரு தலைமுறையின் அனுபவத்தை, மூன்று கறி சமைத்து இரண்டு வேளைக்கு வைக்கும் தலைமுறைக்குச் சாட்சியாகக் கொண்டுவருவது பொருந்தாது. முன்னோர் சேமித்தவற்றைப் பார்த்தால் அவர்களுக்கு விதி நன்றாகவே தெரிந்திருந்தது. கருவாட்டில் உப்பும் வெயிலும் நீரை எடுத்துவிடுகின்றன. வன்னித் தேனில் நீர் இருந்தும் சீனி அதைப் பிடித்துவைத்திருப்பதால் கிருமிக்குக் கிடைப்பதில்லை. ஊறுகாயில் அமிலம். தேங்காய்ப்பால் விட்ட சொதியையோ பருப்பையோ எந்த ஆச்சியும் இரண்டாம் நாளுக்கு வைத்ததில்லை. ஈரமும் புரதமும் நிறைந்து, அமிலமும் போதாத பண்டம் அது.

"ஒண்டும் நடக்கேல்லையே" என்பதும் ஆராய வேண்டிய சாட்சிதான். வாந்தியும் வயிற்றோட்டமும் வந்து ஒரு நாளில் நின்றுவிட்டால் அதற்கு நம் ஊரில் பெயர் செமியாக்குணம், வாய்வு, கண்ணூறு. இஞ்சித் தேத்தண்ணியோடு முடிந்துபோகும் அந்தச் சம்பவம் எந்தப் பதிவேட்டிலும் ஏறாது. உணவு நஞ்சாதல் இலங்கையில் கட்டாயம் அறிவிக்கப்பட வேண்டிய நோய்களின் பட்டியலில் இருக்கிறது. ஆனால் ஆஸ்பத்திரிக்குப் போகாதவரை யார் அறிவிப்பது? பத்துப் பதினைந்து பேர் ஒன்றாக விழுந்தால்தான் செய்தி. தனித்தனியாக விழுகிறவர்கள் அந்த வழக்கத்தின் வெற்றிக் கணக்கிலேயே சேர்க்கப்படுகிறார்கள்.

மணந்து பார்ப்பதும் இதே போன்றதுதான். உணவை நாற வைக்கும் பற்றீரியாக்கள் வேறு, நஞ்சாக்குபவை பெரும்பாலும் வேறு. செரியுலைட்டுக்கு மணமில்லை, சுவையில்லை. நாறுகிற கறி உண்மையில் நமக்கு எச்சரிக்கை தந்து உதவுகிறது, நாறாததுதான் வஞ்சிப்பது.

பிரிட்ஜைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்லத்தான் வேண்டும். "பிரிட்ஜ் சாப்பாடு கூடாது" என்பவர்களே அடுப்படிச் சாப்பாட்டை நல்லதென்று சொல்வது விசித்திரம். குளிர் கிருமியைக் கொல்லாது, அதன் பெருக்கத்தைத் தாமதிக்கும். லிஸ்ரீரியா போன்ற சில 4 பாகையிலும் மெல்ல வளரும். ஆனால் ஏழு மணித்தியாலத்தில் இருபது இலட்சம் என்ற கணக்கை அது உடைத்துவிடுகிறது. சூடான சாமானை உள்ளே வைக்கக் கூடாதென்று பின்னேரம் வரை வெளியில் ஆறவிடுவது இன்னொரு பிழை. பெரிய சட்டியாக வைக்காமல் தட்டையான பாத்திரங்களில் பிரித்து, ஆவி அடங்கியதும் வைத்துவிட வேண்டும். 2022 மார்ச் முடிவில் நாட்டில் மின்வெட்டு நாளொன்றுக்கு 13 மணித்தியாலத்தைத் தொட்டபோது பிரிட்ஜும் கைவிட்டது உண்மைதான். கதவைத் திறக்காத பிரிட்ஜ் நாலு மணித்தியாலம் குளிரைக் காக்கும், அதற்குமேல் அது ஓர் அலுமாரி. அப்படியான நாளில் செய்யக்கூடியது குறைத்துச் சமைப்பதே.

சமைத்த உணவை வைத்திருப்பது பற்றிய பெரிய பாடம் வன்னி மக்களுக்குச் செட்டிகுளத்தில் கிடைத்தது. 2009இல் போரின் முடிவில் அங்கிருந்த மெனிக் பாம் முகாமுக்குள் இலட்சக்கணக்கானோர் அடைக்கப்பட்டபோது தொடக்கத்தில் சமைத்த உணவுப் பொதிகள் வந்தன. பின்னர் அது உலர் உணவாகவும் கூட்டுச் சமையலாகவும் மாறியது. அந்த முகாமின் துயரங்களை உணவோடு மட்டும் முடிச்சுப்போட முடியாது. குடிநீரும் மலசலகூடமும் நெருக்கடியும் அங்கே நோய்களைப் பரப்பின. ஆனால் அரிசியாக இருக்கும்போது மாதக்கணக்கில் ஒன்றும் ஆகாதது, சோறானதும் மணித்தியாலக் கணக்கில் ஆபத்தாகிறது, நீர்தான் வித்தியாசம். அந்த மாற்றத்தின் பின்னால் எந்த எண்ணம் இருந்திருந்தாலும், பற்றீரியாவின் கணக்கில் அது சரியான மாற்றம்.

வட்டாப்பளைக் கண்ணகை அம்மன் பொங்கலுக்கு வைகாசி வெயிலில் கூடும் சனத்துக்கு அன்னதானம் கொடுக்கிறார்கள். கிடாரத்திலிருந்து நேரே இலைக்குப் போகும் சோறு, கூட்டத்தையும் புழுதியையும் பார்த்து முகம் சுளிப்பவர் நினைப்பதைவிடப் பாதுகாப்பானது. அதே சோறு லஞ்ச் சீற்றில் சுற்றப்பட்டு, பைக்குள் கிடந்து, பஸ்ஸில் கிளிநொச்சிக்குப் போய், இரவு 'சூடாக்கி' உண்ணப்படும்போதுதான் கணக்கு மாறுகிறது. பளபளக்கும் ரைல்ஸ் போட்ட கடையில் காலை பத்து மணிக்குக் கட்டி, கண்ணாடிப் பெட்டிக்குள் பிற்பகல் மூன்று மணிவரை அடுக்கிய பார்சலுக்கும் இதே தீர்ப்புத்தான். நாம் அழுக்கைத் தேடுகிறோம். தேட வேண்டியது மணிக்கூட்டை.

ஆகவே கோரிக்கை ஒன்று. உணவகங்களுக்கு அனுமதிப்பத்திரம் கொடுக்கும் உள்ளூராட்சி சபைகளும், கடைகளைப் பார்வையிடும் பொதுச் சுகாதாரப் பரிசோதகர்களும், ஒவ்வொரு பார்சலிலும் சமைத்த நேரத்தை எழுதச் சொல்ல வேண்டும். கடைக்காரருக்கு அதனால் செலவில்லை. அது வரும்வரை, வவுனியாவிலோ புதுக்குடியிருப்பிலோ சோற்றுப் பார்சலுக்குக் கை நீட்டுகிறவர் விலையைக் கேட்கும்போதே இதையும் சேர்த்துக் கேட்கலாம்: "அண்ணை, இது எத்தினை மணிக்குச் சமைச்சது?"